நினைவு நிற்குமாறு: குன்றத்தூரும் பல்லாவரமும்

உயிர் அறியும் ஆற்றல் உடையதேனும் அறிவிப்பார் இன்றித் தானே அறியாது என்பது மெய்கண்ட நூல்களின் துணிபு. கண்ணுக்குக் காணும் ஆற்றல் உண்டு. கதிரொளி இல்வழி அது காண்பதில்லை. அறிவிக்க அறிந்த உயிர் பின்னர்த் தான் சார்ந்ததன் வண்ணமாய் நிற்கும். இவ்விரண்டும் தனியுயிர் பற்றிக் கூறப்பட்டனவேனும், ஒரு மக்கட் கூட்டத்தின் நினைவுக்கும் இவற்றைப் பொருத்திக் காண்டல் பிழையாகாது. முன்னோர் பற்றிய நினைவு குருதியோடு வழிவழி வருவது எனப் பலரும் கருதுவர். அங்ஙனமன்று. நினைப்பிப்பார் ஒருவர் தோன்றுந்துணையும் அஃது ஏட்டிலும் கல்லிலும் ஊர்ப்பெயரிலும் உறங்கிக் கிடக்கும். அவர் எதனை நினைப்பிக்கின்றாரோ அதன் வண்ணமாகவே அக்கூட்டமும் ஆகும்.

சென்னைக்குத் தெற்கே தாம்பரத்தைச் சூழ்ந்த ஊர்கள் இதற்குச் சான்றாவன. பல்லாவரத்துக் குன்றில் முதலாம் மகேந்திரவர்மன் குடைவித்த குகைக்கோயில் ஒன்று உளது. அவன் விருதுப் பெயர்கள் அதன்கண் வெட்டப்பட்டுள்ளன. பிற்காலத்தே அக்குகை முசுலிம் மக்கள் போற்றும் தர்காவாயிற்று. விருதுகளைப் படிப்பாரும் இலராயினர். பல்லவபுரம் என்னும் பெயரோ பல்லாவரம் எனத் தேய்ந்து, எந்தப் பல்லவன் என்று வினவாத மக்கள் நாவில் நூற்றாண்டுகளாக நின்றது.

அவ்வூர்க்கு மேற்கே சில கல் தொலைவில் உள்ளது குன்றத்தூர். இது சேக்கிழார் பெருமான் தோன்றிய ஊராதலைச் சைவர் யாவரும் அறிவர். அநபாயன் எனப்பட்ட இரண்டாங் குலோத்துங்கன் காலத்தே, கி.பி. 12ஆம் நூற்றாண்டின் முற்பாதியில், அவர் செய்த செயலின் இயல்பே ஈண்டு ஆராயத்தக்கது. அடியார் பெயர்களைச் சுந்தரமூர்த்தி சுவாமிகள் திருத்தொண்டத்தொகையில் முன்னரே தொகுத்தருளினார். நம்பியாண்டார் நம்பிகள் அதனைத் திருவந்தாதியாக வகுத்தார். ஆயின் பெயரளவில் நின்ற நினைவு அரசவையைப் பிணிக்கவில்லை. சோழன் சீவக சிந்தாமணியின் சுவையில் ஈடுபட்டிருந்தான் என்றும், அதுகண்டே சேக்கிழார் அடியார் வரலாறுகளை எடுத்துரைத்தார் என்றும் வழங்கும் செய்தி இதனைத் தெளிவிக்கும். குயவரும் வேடரும் வண்ணாரும் பரதவரும் புலையரும் அந்தணரும் வேந்தரும் ஒரே நிரலில் வைத்து வணங்கப்படும் ஒரு நினைவு பெரியபுராணத்தால் நாட்டுக்குக் கிடைத்தது. அடுத்த மன்னன் இரண்டாம் இராசராசன் எடுப்பித்த தாராசுரத்துக் கோயிலில் அவ்வரலாறுகள் பெயர் பொறித்த சிற்பங்களாயின. குருபூசை நாள்கள் அந்நினைவை ஆண்டுதோறும் புதுக்கின. ஒரு வேறுபாட்டை ஈண்டு மறைத்தல் கூடாது: கோயிலுள் கல்லுருவாக நின்ற திருநாளைப்போவார் வணங்கப்பெற்ற காலத்திலேயே, அவர் குலத்தார் அக்கோயில்களின் வாயிலுக்குப் புறம்பே நிறுத்தப்பட்டனர். நூல் நினைப்பித்ததை ஊர் முழுதும் சார்ந்திலது.

இனிப் பல்லாவரத்துக்கு மீள்வோம். நாகையில் 1876இல் தோன்றிய வேதாசலனார் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் 1898 முதல் 1911 வரை தமிழாசிரியராக இருந்து, அப்பணி நீங்கிப் பல்லாவரத்தில் வந்தமர்ந்து சமரச சன்மார்க்க நிலையத்தை நிறுவினார். அவர் விட்டுவந்த கல்லூரியும் 26 ஆண்டு கழித்து, 1937இல், தாம்பரத்துக்கே வந்து அவர்க்கு அண்டை ஆயிற்று. அவர் தனித்தமிழை மேற்கொண்டது 1916இல். வள்ளலார் பாடல் ஒன்றை மகளார் நீலாம்பிகையோடு பாடியபொழுது, அதன்கண் உள்ள ஒரு வடசொல்லுக்குத் தமிழ்ச்சொல் நின்றிருப்பின் ஓசை சிறக்கும் என்ற எண்ணமே தொடக்கமாயிற்று என்பர். வேதாசலம் மறைமலை ஆயிற்று. ஞானசாகரம் அறிவுக்கடல் ஆயிற்று. நிலையம் பொதுநிலைக் கழகம் ஆயிற்று. ஒரு வீட்டில் எழுந்த இவ்வெண்ணம் நாடெங்கும் பரவியதற்குக் காரணம் என்னை? அதற்கு முன் 30 ஆண்டுகளில் சி. வை. தாமோதரம் பிள்ளையும் உ. வே. சாமிநாதையரும் கலித்தொகை, பத்துப்பாட்டு, புறநானூறு முதலியவற்றை அச்சேற்றியிருந்தனர். மறந்துபோன பழமை கண்முன் வந்து நின்றது. அதனைத் தன் பெயரிலும் நாவிலும் கொண்டுவரலாம் என்று காட்டுவாரே வேண்டியிருந்தது.

அந்நினைவும் தேர்ந்தெடுத்த நினைவே. திருமுறைகளிலும் மெய்கண்ட நூல்களிலும் வடசொற்கள் பயில்கின்றன. சிவாகமங்களைச் சித்தாந்தம் முதனூலாகக் கொள்கின்றது. இவற்றை எடுத்துக்காட்டிச் சைவப் புலவர் பலர் அடிகளை மறுத்தனர். அம்மறுப்பு வலியுடைத்து. ஆயினும் முன்னோர் எழுதியவாறே எழுதுதல் அடிகளின் நோக்கமன்று. அவருள்ளும் தொன்மையோர் எழுதியதைச் சார்ந்து வருங்காலத்தார் எழுதல் வேண்டும் என்பதே நோக்கம். மொழி வரலாறாக நோக்கின் குறை காணலாம். இயக்கமாக நோக்கின் அக்குறையே அதற்கு விசையாயிற்று.

நினைப்பித்தவர் கையை விட்டு நினைவு அகலுதலும் உண்டு. 1928ஆம் ஆண்டளவில் சைவப் பெரியோர்க்கும் சுயமரியாதை இயக்கத்தார்க்கும் கடுஞ்சொற்போர் நிகழ்ந்தது. பத்தாண்டு கழித்து, 1938இல் சென்னை மாகாண அரசு 125 பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கியபொழுது இருசாராரும் ஒருங்கு நின்றனர். அவ்வாண்டு நவம்பர் 13இல் சென்னையிற் கூடிய பெண்கள் மாநாட்டுக்கு நீலாம்பிகை அம்மையாரே தலைமை தாங்கினார், ஈ. வெ. இராமசாமியார்க்குப் பெரியார் என்னும் பட்டம் வழங்கப்பெற்றதும் ஆண்டேயாம். மறு ஆண்டில் நடராசனும் தாளமுத்துவும் சிறைப்பட்ட நிலையில் உயிர் நீத்தனர். கட்டாய ஆணை 1940இல் நீக்கப்பட்டது. ஆயின் மூன்றே ஆண்டில், 1943இல், கம்பராமாயணத்தையும் பெரியபுராணத்தையும் எரிக்க வேண்டும் என்று அண்ணாதுரை வாதிட, இரா. பி. சேதுப்பிள்ளையும் சோமசுந்தர பாரதியாரும் எதிர்நின்று விடையிறுத்தனர். இருவரும் தமிழின் தொன்மையையே சான்றாக்கினர். குன்றத்தூரில் தோன்றிய நூல், பல்லாவரத்தில் எழுந்த உணர்ச்சியை உண்டு வளர்ந்தோராலேயே குற்றஞ்சாட்டப்பட்டது. அதனைக் காத்தவரும் அவ்வுணர்ச்சியினரே.

அடிகள் 1950 செப்டம்பரில் மறைந்தார். பல்லாவரம் 2021இல் தாம்பரம் மாநகராட்சியுள் அடங்கியது. குன்றத்தூரார் வைகாசிப் பூசத்தில் சேக்கிழாரை நினைக்கின்றனர். அடிகளையோ நாடு தனித்தமிழின் தந்தை என்றே நினைக்கின்றது. மாணிக்கவாசகர் வரலாற்றையும் காலத்தையும் ஆராய்ந்த அவர் பெருநூலையும், திருவாசகத்தின் முதல் நான்கு அகவல்களுக்கு அவர் வகுத்த விரிவுரையையும் எடுத்துப் படிப்பார் சிலரே.