ஸ்விட்ச் போர்டு யார் கையில்?

பிரஷ் தானாக வந்து ஷூவுக்குப் பாலிஷ் போடுகிறது. சீப்பு தானாக அம்மணியின் தலையை வாருகிறது. ஐயாவுக்கு ஷேவிங்கும் ஆகிவிடுகிறது. பக்கத்தில் ஒரு ஆள் இல்லை! எல்லாம் மின்சாரம் சார், மின்சாரம்!

1908-ல் வந்த 'எலெக்ட்ரிக் ஹோட்டல்' ஊமைப்படம் இது. எடுத்தவர் ஸ்பெயின்காரர் செகுண்டோ டி சோமோன். வேடிக்கை என்னவென்றால், அந்த பிரஷ்ஷுக்கும் மின்சாரத்துக்கும் சம்பந்தமே கிடையாது. கையால் துளி நகர்த்தி ஒரு ஃபிரேம், மறுபடி துளி நகர்த்தி இன்னொரு ஃபிரேம்... பொறுமையான கைவேலை!

கடைசியில், மெஷின் ரூம் ஆசாமி தண்ணி போட்டுவிட்டுக் கண்டபடி ஸ்விட்சுகளைத் திருக, மேஜை நாற்காலியெல்லாம் பேயாட்டம் போடுகின்றன. ஆக, ஜனங்களுக்குப் பயம் மின்சாரத்தின் மேல் அல்ல. ஸ்விட்ச் போர்டு பக்கத்தில் நிற்கிறவன் மேல்!

பஸ்டர் கீட்டனின் 'தி எலெக்ட்ரிக் ஹவுஸ்' (1922) இதையே இன்னும் குறும்பாகச் சொல்கிறது. தாவரவியல் படித்த கீட்டன் கையில், பட்டமளிப்பு விழாவில் எலெக்ட்ரிகல் இன்ஜினீயர் சர்டிபிகேட் மாறி வந்து சேருகிறது. ஒரு பணக்காரர் அதை நம்பி, தன் பங்களாவை மின்மயமாக்கச் சொல்கிறார். (பி.காம். முடித்துவிட்டு சினிமா பற்றி எழுதுகிற நான் இதற்குச் சிரிக்கக் கூடாதுதான்!)

ஆனால் பையன் அசத்திவிடுகிறான். சமையலறையிலிருந்து குட்டி ரயிலில் சாப்பாடு டைனிங் டேபிளுக்கு வருகிறது. மாடிப்படி எஸ்கலேட்டராக ஓடுகிறது. அப்போது அமெரிக்காவிலேயே பாதி வீடுகளுக்குக்கூடக் கரன்ட் வரவில்லை. தியேட்டரில் எப்படி வாய் பிளந்திருப்பார்கள், யோசித்துப் பாருங்கள்.

அப்புறம்? நிஜ இன்ஜினீயர் திருட்டுத்தனமாக உள்ளே நுழைந்து ஒயர்களை மாற்றிவிடுகிறார். ரயில் கவிழ்கிறது. எஸ்கலேட்டர் தாறுமாறான வேகத்தில் ஓடி, ஆளை ஜன்னல் வழியாக நீச்சல் குளத்தில் வீசுகிறது.

இதில் சிரிக்க முடியாத விஷயம் ஒன்று உண்டு. இந்தப் படத்தை முதலில் 1921-லேயே ஆரம்பித்தார்கள். படத்துக்காகச் செய்த எஸ்கலேட்டரில் கீட்டனின் ஷூ மாட்டிக்கொண்டது. கணுக்கால் முறிந்தது. மனிதர் மாதக்கணக்கில் படுக்க வேண்டியதாயிற்று. எடுத்ததை அப்படியே நிறுத்திவிட்டார்கள். திரும்பி வந்ததும் அவர் எடுத்தது 'தி பிளேஹவுஸ்'. ஓடிக் குதிப்பதைக் குறைத்துக்கொண்டு, கேமரா தந்திரத்தால் ஒரே காட்சியில் பல கீட்டன்களாக வந்தார்.

அத்தோடு அந்தக் கதையை விட்டிருக்கலாம். விடவில்லை. 1922-ல் முதலிலிருந்து மறுபடி எடுத்தார். அதே எஸ்கலேட்டர் காட்சி. டூப் போடவில்லை. படத்தில் முறைத்த முகத்தோடு ஜன்னலுக்கு வெளியே பறக்கிறாரே, அது அந்தக் கால்தான்!