மைக்காளான்

மைக்காளான் என்பது முதிர்ந்தவுடன் தன் குடையைத் தானே கரைத்து, கறுப்பு மை போன்ற நீர்மமாக மாறும் காளான்களின் பொதுப்பெயர் ஆகும். மைத்தொப்பிக் காளான் என்றும் கூறலாம். சாணம், மட்கிய வைக்கோல், குப்பைமேடு, புதைந்த மரக்கட்டை ஆகியவற்றின் மீது மழைக்குப் பின் முளைக்கும் இவை பெரும்பாலும் ஓரிரு நாட்களே நிலைத்திருக்கின்றன.

வகைப்பாடு

கிறிஸ்டியான் பெர்சூன் 1797இல் இவற்றைக் கோப்ரினஸ் என்னும் பேரினத்தில் சேர்த்தார். சாணம் எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து இப்பெயர் பிறந்தது. மையாகக் கரைவன யாவும் ஒரே குலத்தைச் சேர்ந்தவை என நெடுங்காலம் கருதப்பட்டது. டி.என்.ஏ. ஒப்பாய்வுகள் இதனைத் தவறென்று காட்டின. எனவே 2001இல் இப்பேரினம் கோப்ரினஸ், கோப்ரினாப்சிஸ், கோப்ரினெல்லஸ், பரசோலா என நான்காகப் பிரிக்கப்பட்டது. இவற்றுள் கோப்ரினஸ் கோமேட்டஸ் மொட்டுக்காளானின் குடும்பத்தைச் சேர்ந்தது. மற்ற மூன்று பேரினங்களும் வேறொரு குடும்பத்தைச் சேர்ந்தவை.

மையாகக் கரைதல்

குடையின் அடியில் உள்ள செவுள் தகடுகளில் சிதல்கள் (வித்துத் தூள்) உண்டாகின்றன. பிற காளான்களில் இத்தகடுகள் அடிநோக்கி மெலிந்து செல்வதால் சிதல்கள் இடையூறின்றி விழுகின்றன. மைக்காளானின் தகடுகளோ மிக நெருக்கமாகவும் ஒரே தடிமனிலும் அமைந்தவை. இவற்றில் சிதல்கள் அடிவிளிம்பில் முதலில் முதிர்ந்து, பின்னர் மேல்நோக்கி முதிர்கின்றன. அடிவிளிம்பின் சிதல்கள் காற்றில் கலந்தபின் அப்பகுதியைக் காளானின் நொதிகளே செரித்துவிடுகின்றன. கைட்டின் என்னும் செல்சுவர்ப் பொருளும் இதில் சிதைகின்றது. இதனால் அடுத்த வரிசைச் சிதல்களுக்கு வழி திறக்கின்றது. ஆகவே, கரைதல் என்பது அழுகல் அன்று. இனப்பெருக்க உத்தி ஆகும். சொட்டும் மையில் எஞ்சிய சிதல்கள் மிதப்பதாலேயே அது கறுப்பாக உள்ளது. ஐரோப்பாவில் இது எழுதும் மையாகவும் பயன்பட்டது.

வாழிடம்

கடலூர் மாவட்டத்தின் நெல்லிக்குப்பம், சிதம்பரம் பகுதிகள் நெல்லும் கரும்பும் விளையும் ஆற்றுப்படுகை நிலங்கள் ஆகும். வைக்கோல் போர், எருக்குழி, மாட்டுத்தொழுவம், மட்கும் கரும்புச் சக்கை என மைக்காளான்கள் விரும்பும் இடங்கள் இங்கு மிகுதி. வடகிழக்குப் பருவமழை பெய்யும் அக்டோபர் முதல் டிசம்பர் வரையான காலம் இவற்றைத் தேட ஏற்றது. சாணத்தில் வளரும் கோப்ரினாப்சிஸ் சினெரியாவின் சிதல்கள் புல்லுடன் மாட்டின் வயிற்றுக்குள் சென்று, சாணத்துடன் வெளியேறி முளைக்கின்றன. குடை இரவில் விரிந்து மறுநாளே கரைந்துவிடுவதால், விடியற்காலையில் சென்றால்தான் இதனை முழுமையாகக் காணலாம்.

இனங்காணல்

* கோப்ரினஸ் கோமேட்டஸ்: வெண்ணிற நீள்முட்டை வடிவம், சுருண்ட செதில்கள், காம்பில் நகரக்கூடிய வளையம்.
* கோப்ரினாப்சிஸ் அட்ரமென்டாரியா: சாம்பல் நிற மணி வடிவம், ஏறத்தாழ வழவழப்பான குடை, கொத்தாக வளரும்.
* கோப்ரினெல்லஸ் மைக்கேசியஸ்: பழுப்பு நிறம், இளங்குடையில் அப்பிரகம் போல மின்னும் துகள்கள்.
* பரசோலா பிளிகாட்டிலிஸ்: மிக மெல்லிய, மடிப்புகளுடைய குடை, புல்வெளியில் தனித்து வளரும்.

ஐயம் எழுந்தால் சிதல் அச்சு எடுக்க வேண்டும். காம்பை நீக்கிய குடையை வெள்ளைத்தாள் மீது வைத்துக் கிண்ணத்தால் சில மணிநேரம் மூடினால் சிதல்கள் தாளில் படியும். கரையத் தொடங்கும் முன்பே இதனைச் செய்தல் வேண்டும். மைக்காளான்களின் அச்சு பொதுவாகக் கறுப்பு. வைக்கோல் காளானின் அச்சு இளஞ்சிவப்பு. மழைக்குப் பின் புல்வெளிகளில் தோன்றும் நச்சுக்காளானான குளோரோபில்லம் மாலிப்டைட்டிஸ், செதில்களுடைய வெண்குடையால் கோமேட்டஸ் போல ஏமாற்றக்கூடும். அதன் அச்சு பச்சை நிறமாக இருக்கும். சாணத்தில் வளரும் பனியோலஸ் காளான்களின் அச்சும் கறுப்பே. ஆனால் அவை கரைவதில்லை. எனவே ஓர் அடையாளத்தை மட்டும் கொண்டு முடிவு செய்யலாகாது.

நச்சுத்தன்மை

அட்ரமென்டாரியாவில் கோப்ரின் என்னும் சேர்மம் உள்ளது. உடலில் மது முதலில் அசிட்டால்டிகைடாகவும், பின்னர் ஒரு நொதியால் அசிட்டிக் அமிலமாகவும் மாறுகின்றது. கோப்ரினின் விளைபொருள் அந்நொதியை முடக்குவதால் அசிட்டால்டிகைடு குருதியில் தேங்குகின்றது. முகம் சிவத்தல், படபடப்பு, தலைவலி, வாந்தி ஆகியவை தோன்றுகின்றன. குடிப்பழக்கத்தை நிறுத்த அளிக்கப்படும் டைசல்பிராம் மருந்தும் இவ்வாறே செயற்படுகின்றது. காளானை உண்டு சில நாட்கள் கழித்து மது அருந்தினாலும் இவ்விளைவு ஏற்படலாம். சமைப்பதால் இது நீங்குவதில்லை. மது அருந்தாதவருக்கு ஒன்றும் நேராததால், "ஒருவர் உண்டு பார்த்தார்" என்பது பாதுகாப்புக்குச் சான்றாகாது. பூச்சி அரித்த காளான் நஞ்சற்றது என்ற நம்பிக்கையும் தவறானது. கோமேட்டஸ் இளநிலையில் உண்ணத்தக்கது எனினும், வல்லுநர் உறுதி செய்யாத காட்டுக்காளான் எதையும் உண்ணலாகாது.

காளான் வளர்ப்பில்

வைக்கோல் காளான், சிப்பிக்காளான் படுக்கைகளில் மைக்காளான் ஒரு களை ஆகும். இது விரைந்து வளர்ந்து பயிர்க்காளானின் உணவைக் கவர்வதால் விளைச்சல் குறைகின்றது. வைக்கோல் சரியாக வெந்நீரில் பதப்படுத்தப்படாமை, மிகுந்த ஈரம், மிகுந்த தழைச்சத்து ஆகியன இதன் காரணங்கள். பதப்படுத்திய வைக்கோலைக் கையால் பிழிந்தால் நீர் சொட்டாத அளவிற்கு உலர்த்திப் பயன்படுத்த வேண்டும். களை தோன்றினால், குடை விரியும் முன்பே பிடுங்கி அகற்ற வேண்டும். மையான பின் அகற்றுவதில் பயன் குறைவு.

ஆய்வில்

ஆய்வகத்தில் சுமார் இரண்டு வாரங்களில் வாழ்க்கைச் சுற்றை முடிக்கும் சினெரியா, காளான் மரபியலின் மாதிரி உயிரி ஆகும். 13 நிறப்புரிகளைக் கொண்ட இதன் மரபணுத்தொகுதி 2010இல் வெளியிடப்பட்டது. களையென நீக்கப்படும் இதே காளான் வழியாகவே, காளான் எவ்வாறு உருவாகின்றது என்பதன் பெரும்பகுதி அறியப்பட்டுள்ளது.

இவற்றையும் பார்க்க

* பூஞ்சை
* சிப்பிக்காளான்
* வைக்கோல் காளான்