உங்களுக்குத் தெரியுமா? குசு விட்டே கூட்டம் சேர்த்தவர்!

பாரிஸின் மூலான் ரூழ் அரங்கில் 1892-இல் ஒருவர் மேடையேறினார். சிவப்புக் கோட்டு, வெள்ளைக் கையுறை, மீசை. ஆள் பாடவில்லை, ஆடவில்லை, குசு விட்டார். கூட்டம் வயிறு வலிக்கச் சிரித்தது!

ஜோசப் பூஜோல், 1857-இல் மார்செய் நகரில் பிறந்த ரொட்டிக் கடைக்காரர். 'லெ பெத்தோமான்' என்பது மேடைப் பெயர். வயிற்றுத் தசைகளை இறுக்கித் தளர்த்தி, ஆசனவாய் வழியாகவே காற்றை உள்ளிழுத்து வெளியே விடுவார். போவதும் வருவதும் வெறும் காற்று என்பதால் நாற்றம் கிடையாது. (முன்வரிசைக்காரர்களுக்கு அதுதானே கவலை!) இடி, பீரங்கி முழக்கம், துணி கிழியும் ஓசை எல்லாம் அந்த வழியாகவே வரும். ரப்பர் குழாய் பொருத்திச் சிகரெட் பிடிப்பார், சிறு குழல் ஊதுவார். தள்ளி எரியும் மெழுகுவத்தியையும் அணைத்துவிடுவார்.

நொடித்துப்போன நண்பருக்கு உதவ வெளியே வித்தை காட்டியதற்காக அரங்கத்தார் வழக்குப் போட்டார்கள். பூஜோல் பிரிந்துபோய்ச் சொந்த அரங்கம் தொடங்கினார். முதல் உலகப் போர் வந்ததும் மேடையை விட்டு, மறுபடி ரொட்டி அடுப்புக்கே திரும்பினார். பிறகு தூலோனில் பிஸ்கட் தொழிற்சாலை. 1945-இல் இறந்தபோது உடலை ஆராய்ந்து பார்க்க ஒரு மருத்துவக் கல்லூரி கேட்டது. குடும்பத்தார் மறுத்துவிட்டார்கள்.