பிரேக் போடுங்க பாஸ்... மரக்காணம் வந்தாச்சு!

வீக் எண்ட் வந்தா போதும்... நாலு பைக், எட்டு பேர், ஈ.சி.ஆர். ரோடு, பாண்டிச்சேரி! உங்க கேங்கோட டூர் பிளானும் இதுதானே? மாமல்லபுரத்துல ஒரு ஸ்டாப், நடுவுல டீக்கு ஒரு ஸ்டாப், அப்புறம் நேரா பீச். போற வழியில ரோட்டோரம் வெள்ளை வெளேர்னு பாத்தி பாத்தியா ஏதோ தெரிஞ்சிருக்கும். 'அட, உப்பு!'ன்னு ஒரு செல்ஃபி எடுத்துட்டு மறுபடியும் ஆக்ஸிலேட்டரை முறுக்கியிருப்பீங்க.

அந்த இடத்துக்குப் பேர் மரக்காணம். விழுப்புரம் மாவட்டம். சென்னையில இருந்து சுமார் 120 கிலோமீட்டர், பாண்டிச்சேரிக்கு இன்னும் சுமார் 35. நீங்க அறுபது, எழுபது ஸ்பீடுல தாண்டிப் போன அந்த வட்டாரத்துக்குள்ள ஒரு சங்ககாலத் துறைமுகம், ஒரு சோழர் கோயில், ஒரு இடிஞ்ச கோட்டை, ஒரு பழைய கால்வாய், ஒரு பறவை ஏரி எல்லாம் இருக்கு. இதையெல்லாம் ஒரே நூல்ல கோத்துக் கட்டறது அந்த உப்புதான்!

இந்த வாட்டி பாண்டிக்குப் பதிலா ஒரே ஒரு நாளை மரக்காணத்துக்குக் கொடுத்துப் பாருங்களேன். ஆனா ரெண்டு கண்டிஷன். எட்டுல இருந்து பத்து பேர்தான் போகணும். விஷயம் தெரிஞ்ச ஒருத்தரைக் கூட்டிக்கிட்டுப் போகணும்.

அது என்ன பத்து பேர் கணக்கு?

காலேஜ் ஐ.வி. போயிருப்பீங்களே... அம்பது பேர், ஒரு பஸ், ஒரு லெக்சரர். முன்னால நிக்கிற ஆறு பேருக்குத்தான் அவர் பேசறது கேட்கும். நடுவுல இருக்கறவங்க போட்டோ எடுப்பாங்க. கடைசி வரிசை அந்தாக்ஷரியை விட்ட இடத்துல இருந்து தொடரும். திரும்பி வந்து ரிப்போர்ட் எழுதறப்போ எல்லாரும் ஒரே ஆளோட நோட்டைப் பார்த்துக் காப்பி!

உப்பளத்துல இது நடக்கவே நடக்காது. பாத்திக்கும் பாத்திக்கும் நடுவுல இருக்கற வரப்பு ஒத்தையடிப் பாதை மாதிரி. ஒருத்தர் பின்னால ஒருத்தரா நடக்கணும். கூட்டம் அதிகமானா வரப்பு உடையும், பாத்தியில காலை வெச்சா உப்பு அழுக்காகும். பத்து பேர்னா ஒரு வேன் போதும். வழி சொல்றவர் மைக் இல்லாம பேசலாம். நீங்களும் கூச்சப்படாம கேள்வி கேட்கலாம்.

2,000 வருஷத்து கைடு!

வழிகாட்டியோட ஊர் சுத்தறது வெள்ளைக்காரன் கொண்டு வந்த பழக்கம்னு நினைக்காதீங்க. பத்துப்பாட்டுல வர்ற 'ஆற்றுப்படை' நூல்கள் செய்யற வேலையே அதுதான். பரிசு வாங்கிட்டுத் திரும்பற ஒரு பாணர், எதிர்ல பசியோட வர்ற இன்னொரு பாணரைப் பார்த்து, 'இந்த வழியா போ, இந்த ஊர் வரும், இன்ன சாப்பாடு கிடைக்கும், இந்த ராஜாவைப் பாரு'ன்னு சொல்லி அனுப்புவார்.

அதுல நல்லூர் நத்தத்தனார் பாடிய சிறுபாணாற்றுப்படை, ஓய்மாநாட்டு மன்னன் நல்லியக்கோடனைப் பற்றியது. அந்த வழியில் எயிற்பட்டினம் என்று ஒரு கடற்கரை ஊர் வருகிறது. அது இன்றைய மரக்காணம்தான் என்பது அறிஞர்கள் பலரின் கருத்து. உப்பு வணிகர்களான உமணர்கள் குடும்பத்தோடு மாட்டுவண்டியில் போகும் காட்சியும் அதே பாட்டில் உண்டு. அதாவது, இந்தக் கரையோர வழியைப் பத்தி ஒரு கைடு சொன்ன பேச்சு எப்பவோ பதிவாகி இருக்கு. நாமதான் ஹெல்மெட் கண்ணாடியை இறக்கி விட்டுட்டுத் தாண்டிப் போறோம்!

காலை: அளத்துல கெமிஸ்ட்ரி கிளாஸ்

சென்னையில இருந்து விடியக்காலை அஞ்சு மணிக்கே கிளம்பிடுங்க. அளத்து வேலை வெயிலுக்கு முன்னால தொடங்கிடும். பத்து, பதினொரு மணி ஆயிட்டா உங்களால அங்க நிக்க முடியாது. வெள்ளைத் தரையில பட்டுத் திரும்பற வெயில் கண்ணைக் கூச வைக்கும்.

கடல் தண்ணியைக் காய வெச்சா உப்பு... இதுல பாக்க என்ன இருக்குன்னு கேக்கறீங்களா? கடல் நீரின் அடர்த்தி சுமார் 3 டிகிரி பாமே. உவர்நீரை ஒரு பாத்தியிலிருந்து அடுத்த பாத்திக்கு மாற்றி மாற்றிக் காய வைக்கிறார்கள். அடர்த்தி ஏற ஏற முதலில் சுண்ணாம்பு படியும், பிறகு ஜிப்சம். சுமார் 25 டிகிரியைத் தொட்ட பிறகுதான் நாம் சாப்பிடும் சோடியம் குளோரைடு படிகமாக ஆரம்பிக்கும். 29, 30 டிகிரியைத் தாண்ட விட்டால் மெக்னீசியம் உப்புகள் கலந்து கசந்துவிடும். அதனால் அந்தக் கசப்பு நீரைச் சரியான நேரத்தில் வெளியேற்ற வேண்டும். நீங்க லேப்ல ஹைட்ரோமீட்டர் வெச்சு பார்க்கறதை, அளத்துல பழகினவங்க தண்ணியோட நிறத்தையும் படியற உப்பையும் பார்த்தே சொல்லுவாங்க. அதுக்கு யூனிவர்சிட்டி எதுவும் டிகிரி கொடுக்கறதில்லை, அவ்வளவுதான்!

நீளக் கைப்பிடி போட்ட பலகையால உப்பை வாரி வரப்போரம் குவிக்கறாங்க. அதைத் தலைச்சுமையா கொண்டு போய் அம்பாரமா கொட்டறாங்க. ஒரு கூடையைத் தூக்கிப் பார்க்கலாமான்னு கேட்டுப் பாருங்க. ஜிம் போற ஃப்ரெண்டை முதல்ல அனுப்புங்க. அப்புறம் அவர் முகத்தைப் பாருங்க!

இன்னொண்ணும் கேளுங்க... 'மழைக்காலத்துல என்ன பண்ணுவீங்கக்கா?' வடகிழக்குப் பருவமழை இறங்கிட்டா பாத்தியெல்லாம் தண்ணி. குவிச்ச உப்பு மூடிக் கிடக்கும், வேலை கிடையாது, கூலியும் கிடையாது. அந்த மாதங்களுக்காக உப்பளத் தொழிலாளர் குடும்பத்துக்கு 5,000 ரூபாய் நிவாரணம் கொடுக்கும் திட்டத்தைத் தமிழக அரசு 2022ல் கொண்டு வந்தது. மூணு மாசத்துக்கு 5,000. உங்க ஹாஸ்டல் மெஸ் பில்லோட ஒப்பிட்டுப் பாருங்க, புரியும்.

முற்பகல்: கல்வெட்டுல அளம்

அடுத்து ஊருக்குள்ள பூமீஸ்வரர் கோயில். சோழர் காலக் கற்கோயில். உச்சிவேளையில நடை சாத்தறதுக்குள்ள போயிடுங்க. சாமி கும்பிட்டுட்டு அப்படியே சுவரைப் பாருங்க. சுத்தி சுத்திக் கல்வெட்டு. இந்த ஊர் உப்பளங்களைப் பற்றிய சேதி அதில் இருக்கிறது. 'அளம்', 'பேரளம்' என்கிற சொற்கள் ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே கல்லில் வந்துவிட்டன. காலையில அந்த அக்கா 'அளத்துக்குப் போறேன்'னு சொன்னாங்களே, அதே வார்த்தை!

'சம்பளம்'ங்கற சொல்லே சம்பா நெல்லும் அளத்து உப்பும் கூலியா கொடுத்ததால வந்ததுன்னு ஒரு விளக்கம் சொல்லுவாங்க. மொழி அறிஞர்கள் அதை ஒத்துக்கிறாங்களோ இல்லையோ, கோயில் நிழல்ல உக்காந்து விவாதம் பண்ண செம டாபிக்!

இங்கதான் கூட வந்தவரோட அருமை தெரியும். அவர் இல்லேன்னா அது வெறும் சுவர். அவர் ஒரு எழுத்தைத் தொடாம சுட்டிக் காட்டி, 'இது அ, இது ள'ன்னு சொன்னதும் சுவர் பேச ஆரம்பிச்சிடும்.

மதியம்: இடிஞ்ச கோட்டை, இருந்த துறைமுகம்

சாப்பாட்டை முடிச்சிட்டு சில கிலோமீட்டர் வடக்கே திரும்பினா கடப்பாக்கம் பக்கத்துல ஆலம்பரைக் கோட்டை. இது செங்கல்பட்டு மாவட்டம். கழிமுகத்தைப் பார்த்தபடி செங்கல்லும் சுண்ணாம்புமாக நிற்கிறது. ஆற்காடு நவாப் தோஸ்த் அலி கான் காலத்தில், 1736க்கும் 1740க்கும் இடையில் கட்டப்பட்டதாகச் சொல்கிறார்கள். 1750ல் முசாபர் ஜங், தனக்கு உதவிய பிரெஞ்சு கவர்னர் டூப்ளேக்கு இதைக் கொடுத்தார். 1760ல் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து ஆங்கிலேயர்கள் பிடித்து இடித்தார்கள். 2004 சுனாமியிலும் சேதம்.

இங்கே நாணயம் அடிக்கும் சாலை இருந்தது. படகுத்துறையிலிருந்து ஜரிகைத் துணி, நெய்யோடு உப்பும் கப்பல் ஏறியது. மறுபடியும் உப்பு!

கோட்டைச் சுவர்ல 'சுரேஷ் லவ்ஸ்'னு கரியிலயும் ஆணியிலயும் எழுதி வெச்சிருக்கற மகா கவிஞர்களுக்கு ஒரு வார்த்தை... ஆங்கிலேயர் பீரங்கிக்கும் சுனாமிக்கும் தப்பின செங்கல் பாஸ் அது. உங்க ஆணிக்கு இரையாகணுமா? சுவர் மேல ஏறி போஸ் கொடுக்கறதும் வேண்டாம். சுண்ணாம்பு விட்டுப் போன செங்கல், நீங்களும் சேர்ந்து விழுவீங்க. எதிர்ல தண்ணி அமைதியா தெரிஞ்சாலும் கழிமுகத்துல இறங்கிக் குளிக்காதீங்க. அலை ஏறி இறங்கறப்போ இழுப்பு எப்படி இருக்கும்னு உள்ளூர் மீனவருக்குத்தான் தெரியும்.

சாயங்காலம்: கால்வாயும் பறவையும்

ஆந்திராவுல இருந்து சென்னை வழியா வர்ற பக்கிங்ஹாம் கால்வாய் முடியற இடமும் மரக்காணம்தான். லாரி வராத காலத்துல உப்பும் விறகும் சென்னைக்கு இது வழியா படகுலதான் போச்சு. பாரதிதாசன் நண்பர்களோடு இந்தக் கால்வாய்ல படகேறி மாமல்லபுரம் போனதைத்தான் 'மாவலிபுரச் செலவு' கவிதையா எழுதினார். நிலா, அரட்டைன்னு ஜாலியா போற படகைக் கரையில கயிறு கட்டி இழுக்கற மனுஷங்க மேல அவர் கண்ணு போச்சு. டூர் போறப்போ பாக்க வேண்டியது என்னன்னு இதைவிட யார் சொல்ல முடியும்?

கடைசியா கழுவெளி. பழவேற்காட்டுக்கு அடுத்த பெரிய உவர்நீர் ஏரி. 5,000 ஹெக்டேருக்கும் மேல். 2021 டிசம்பரில் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. வலசை வர்ற பறவைகள் சீசன் குளிர்காலம். உப்பு சீசன் ஜனவரி வாக்குல ஆரம்பிச்சு மழை வரைக்கும். ரெண்டையும் ஒரே நாள்ல பார்க்கணும்னா பிப்ரவரி கடைசி பெஸ்ட். மாடல் எக்ஸாமுக்கு முன்னால!

எப்படி ஏற்பாடு பண்றது?

* இங்க டிக்கெட் கவுன்டரும் கிடையாது, யூனிஃபார்ம் போட்ட கைடும் கிடையாது. உங்க காலேஜ் ஹிஸ்டரி டிபார்ட்மென்ட்லயோ தமிழ் டிபார்ட்மென்ட்லயோ கல்வெட்டு படிக்கத் தெரிஞ்ச சாரையோ மேடத்தையோ, ரிசர்ச் ஸ்காலரையோ பிடிங்க.

* அளத்துக்கு இன்னொருத்தர் வேணும்... அங்கேயே வேலை செய்யறவர். அளம் நடத்தறவங்ககிட்ட முன்கூட்டியே அனுமதி வாங்குங்க. அது பார்க் இல்லை, வேலை நடக்கற இடம்.

* உங்களோட வர்ற அண்ணனுக்கோ அக்காவுக்கோ அன்னிக்குக் கூலி போயிடும். அதுக்குக் குறையாம கையில கொடுங்க. பத்து பேர் பங்கு போட்டா தலைக்கு ஒரு பீட்சா காசு கூட வராது.

* கேக்காம போட்டோ எடுக்காதீங்க. வேர்வையில நனைஞ்சு நிக்கற ஒருத்தங்க உங்க ஆல்பத்துக்கு பேக்ரவுண்ட் கிடையாது.

* தொப்பி, கூலிங் கிளாஸ், ஆளுக்கு ரெண்டு லிட்டர் தண்ணி கட்டாயம். அளத்துல டாய்லெட் கிடையாது. முக்கியமா கேர்ள்ஸ், ஊருக்குள்ளயே முடிச்சிட்டு வந்துடுங்க. அங்க நாள் முழுக்க வேலை பார்க்கற பொண்ணுங்க என்ன பண்றாங்கன்னு அப்போ யோசிப்பீங்க.

* பாட்டில், கவர் எல்லாம் போன மாதிரியே திரும்பி வரணும்.

கேட்க ஆள் இருந்தாதான் ஊர்க்கதை சொல்ல ஆள் இருப்பாங்க. தண்ணியோட நிறத்தைப் பார்த்து உப்பு சொல்ற கண்ணும், சுவரைப் பார்த்து 'அளம்'னு படிக்கற கண்ணும் எத்தனை நாளைக்கு இருக்கும்? இன்னிக்கு அளத்துல நிக்கற அக்காவோட மகனும் மகளும் உங்களை மாதிரி காலேஜ் போயிட்டு இருக்கலாம். அது சந்தோஷமான விஷயம். ஆனா அவங்க அம்மாவுக்குத் தெரிஞ்ச வித்தையைக் கேட்டு எழுதி வெச்சுக்க யாராவது வேணுமே? அது ஏன் உங்க கேங்கா இருக்கக் கூடாது? ஆளுக்கொரு நோட்டு எடுத்துட்டுப் போங்க. வந்ததும் டிபார்ட்மென்ட் மேகஸின்ல போடுங்க. ஒரு காப்பி அந்த அக்காவுக்கும் போய்ச் சேரட்டும்.

'உப்பிட்டவரை உள்ளளவும் நினை'ன்னு அஞ்சாம் கிளாஸ்ல மனப்பாடம் பண்ணினோமே... நம்ம தட்டுல உப்பு போட்டவங்க யாருன்னு ஒரு சனிக்கிழமை நேர்ல போய்ப் பார்த்துட்டு வாங்க. பாண்டி எங்கேயும் ஓடிடாது பாஸ்!