பாலை என்றால் பாலைவனமா? 'வெயிலூர்'க்காரர்கள் தெரிஞ்சுக்க வேண்டிய சங்க இலக்கியக் கணக்கு!

அக்னி நட்சத்திரம் வந்துட்டா போதும், வேலூரை 'வெயிலூர்'னு கலாய்க்கும் மீம்ஸ் கிளம்பிவிடும். வெறும் மணலாகக் கிடக்கும் பாலாற்றின் போட்டோவுக்குக் கீழே 'பக்கா பாலை நிலம்' என்று யாராவது கமெண்ட் போடுவார்கள். சரி, சங்க இலக்கியம் சொல்கிற பாலை எது?

பள்ளியில் 'மணலும் மணல் சார்ந்த இடமும்' என்று மனப்பாடம் செய்திருப்போம். ஆனால் தொல்காப்பியம் முல்லை, குறிஞ்சி, மருதம், நெய்தல் என நான்குக்குத்தான் நிலம் சொல்கிறது. பாலைக்குப் பொழுது மட்டுமே. வேனில், நண்பகல், கூடவே பின்பனி. காடும் மலையும் காய்ந்து இயல்பு திரிந்தால் அதுவே பாலை என்று விளக்கம் தருகிறது சிலப்பதிகாரம். 

காதலுக்கும் வெயிலுக்கும் என்ன சம்பந்தம்?

ஒவ்வொரு திணைக்கும் ஒரு மனநிலை உண்டு. குறிஞ்சிக்குச் சந்திப்பு, முல்லைக்குக் காத்திருப்பு, மருதத்துக்கு ஊடல், நெய்தலுக்கு இரங்கல். பாலைக்குப் பிரிவு. பெரும்பாலும் சம்பாதிக்கப் போகிற பிரிவு.

இதற்குப் புலவர்கள் கொடுத்த இடத்தைப் பாருங்க. அகநானூற்றில் 400 பாடல்கள். 1, 3, 5 என ஒற்றைப்படை எண் வருவதெல்லாம் பாலை. அதாவது 200 பாட்டு, சரிபாதி! குறிஞ்சிக்கு 80, மற்ற மூன்றுக்கும் தலா 40தான். பணமா, அவளா என்று நடுவழியில் தன் நெஞ்சோடு சண்டை போடும் தலைவனையும் இதில் பார்க்கலாம். வளைகுடாவுக்கோ பெங்களூருவுக்கோ ஆளை அனுப்பிவிட்டு போனைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஆம்பூர், வாணியம்பாடி வீடுகளுக்கு இதை விளக்கவே வேண்டாம்.

அந்தத் தலைவன் போன வழியும் நமக்கு ரொம்பத் தூரமில்லை. மாமூலனார் பாடல்களில் அவன் வேங்கட மலையைத் தாண்டி, வேறு மொழி பேசும் நாட்டுக்குப் போகிறான். வேலூரிலிருந்து திருப்பதி நூறு கிலோமீட்டர் சொச்சம்தான். வழியில் மயிற்பீலி சூட்டிய நடுகற்கள் வரும். செங்கம், திருப்பத்தூர் பக்கம் ஆநிரைப் போரில் இறந்தவர்களின் நடுகற்கள் இன்றும் நிற்கின்றன. பல கற்கள் பல்லவர் காலத்தவை, பாடல்களுக்குப் பிந்தியவை. வழக்கம் என்னவோ அதேதான். இன்னொன்று: அகப்பாட்டில் காதலர்களின் பெயரைச் சொல்லவே கூடாது என்பது விதி. மலைக்குப் பெயர் இருக்கும், அவனுக்கு இருக்காது.

திருப்பத்தூரில் பள்ளித் தமிழாசிரியராக இருந்த மு.வரதராசன், 1948-ல் சென்னைப் பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் வாங்கியதும் சங்க இலக்கியத்தில் இயற்கை பற்றிய ஆய்வுக்குத்தான்.

அப்போ பாலாற்றங்கரை பாலையா?

நெல் விளைந்த கரை, கணக்குப்படி மருதம். மழை வந்தால் பாலை திரும்பவும் காடாகிவிடும். தோல் கழிவுநீரின் உப்பு ஏறிய வயலோ ஒரு மழையில் தேறாது. வேலூர் குடிமக்கள் நல மன்ற வழக்கில், மாசுபடுத்தியவரே ஈடுகட்ட வேண்டும் என்று 1996-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பாலாற்று மாசுக்கான இழப்பீடு, சீரமைப்பு பற்றி 2025 ஜனவரியில் மறுபடியும் உத்தரவிட்டிருக்கிறது.