கடை வாடகையும் சட்டப் பாதுகாப்பும்



தோட்டத்தில் உழைத்து ஓய்வு பெற்றவர்கள், சேமநிதிப் பணத்தைக் கொண்டு பட்டணத்தில் சிறு கடை வைப்பதுண்டு. இடம் பெரும்பாலும் வாடகை இடம்தான். அங்கிருந்து கட்டட உரிமையாளர் நம்மை எப்போது வெளியேற்றலாம்? பினாங்கு ஜார்ஜ் டவுனில் நடந்ததைக் கொண்டு இதனை அறிந்து கொள்வோம்.

மார்க்கெட் ஸ்திரீட், பினாங்கு ஸ்திரீட் போன்ற தெருக்களில் பழைய கடைவீடுகள் ஏராளம். 1966ஆம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், 1948 ஜனவரி 31ஆம் தேதிக்குள் கட்டி முடிக்கப்பட்ட கட்டடங்களுக்குப் பொருந்தியது. வாடகையை நினைத்தபடி உயர்த்த முடியாது. வாடகைக்காரரை வெளியேற்றச் சட்டம் ஏற்கும் காரணம் வேண்டும். வாடகை பாக்கி வைத்தல், ஒப்பந்த விதியை மீறுதல், அண்டை அயலாருக்குத் தொல்லை கொடுத்தல் ஆகியவை அத்தகைய காரணங்கள். இடித்துக் கட்ட விரும்பும் உரிமையாளர் வாடகை நடுவர் மன்றத்தை நாட வேண்டும். வாடகைக்காரருக்கு இழப்பீடும் உண்டு. வேறொருவர் கூடுதல் வாடகை தருகிறார் என்பது மட்டும் காரணமாகாது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. குறைந்த வாடகையில் பழுது பார்க்கக் கட்டுப்படியாகவில்லை என்பது உரிமையாளர்களின் முறையீடு. அச்சட்டம் 1997இல் நீக்கப்பட்டது. 1999 டிசம்பர் 31 வரை மட்டும் அவகாசம் இருந்தது. 2000ஆம் ஆண்டு பிறந்ததும் வாடகைகள் உயர்ந்தன. பல தலைமுறைகளாக இருந்த குடும்பங்களும் சிறு வியாபாரிகளும் இடத்தை விட்டுச் சென்றனர். 2008இல் யுனெஸ்கோ அந்நகரை உலகப் பாரம்பரியத் தலமாக அறிவித்தபோது, அவர்களில் பலர் அங்கு இல்லை.

அப்படியானால் இன்று உரிமையாளர் நம் கடைக்குப் பூட்டுப் போட்டு, சாமான்களைத் தெருவில் வைக்கலாமா? கூடாது. 1950ஆம் ஆண்டின் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் 7ஆம் பிரிவு இதைத் தடுக்கிறது. தவணை முடிந்த பின்னும் வாடகைக்காரர் இருந்தால், உரிமையாளர் நீதிமன்றத்தின் வழியாகவே இடத்தை மீட்க வேண்டும்.

ஆனால் இதை நம்பி அசட்டையாக இருந்துவிடலாகாது. தவணை முடிந்தால் புதுப்பிக்க மறுக்க உரிமையாளருக்கு உரிமை உண்டு; காரணம் கூற வேண்டியதில்லை. அதற்குப் பின்னும் இடத்தை விடாதவரிடம் இரட்டிப்பு வாடகை கேட்கச் சட்டம் இடமளிக்கிறது. வாடகை பாக்கிக்காக, பன்னிரண்டு மாத பாக்கி வரை, நீதிமன்ற ஆணையின் பேரில் கடைச் சாமான்களைக் கைப்பற்றவும் முடியும்.

ஆகவே, பழைய சட்டம் தந்த பாதுகாப்பை இன்று ஒப்பந்தத் தாளில்தான் தேட வேண்டும். வாய்மொழியை நம்பாதீர்கள். எழுதிக் கையொப்பமிட்டு, முத்திரைத் தீர்வை செலுத்துங்கள். முத்திரையில்லாத ஒப்பந்தத்தை நீதிமன்றம் சான்றாக ஏற்காது. எத்தனை ஆண்டு, புதுப்பிக்கும் உரிமை உண்டா, எத்தனை மாத முன்னறிவிப்பு என்பவற்றைத் தெளிவாக எழுதச் சொல்லுங்கள். மூன்றாண்டுக்கு மேற்பட்ட குத்தகையானால் நில அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டும். மாதந்தோறும் ரசீது வாங்கிப் பத்திரப்படுத்துங்கள்.

ஒப்பந்தம் மலாயிலோ ஆங்கிலத்திலோ இருந்தால், படிக்கத் தெரிந்த பிள்ளையை அருகில் வைத்து வரிவரியாகப் பொருள் கேளுங்கள். விளங்காத தாளில் கையொப்பமிடாதீர்கள். ஆயுள் முழுதும் உழைத்துச் சேர்த்த பணத்தைக் காக்க அந்த ஒரு மணி நேரம் போதும்.