சேற்றில் இறங்கிய கிதார்

இசை என்றால் எம்.எஸ். அம்மாவும் டி.எம்.எஸ்.ஸும்தான் என்றிருக்கும் சங்க அன்பர்கள் சற்றுப் பொறுத்தருள வேண்டும். இம்முறை நான் எழுத எடுத்துக்கொண்டது, நம் பெங்களூரைச் சேர்ந்த ‘ஷெப்பர்ட்’ என்னும் குழு 2015இல் வெளியிட்ட ஆல்பத்தைப் பற்றி. அதன் பெயர் ‘ஸ்டீரியோலித்திக் ரிஃபாலோகலிப்ஸ்’. நாக்குப் புரள எனக்கு இரண்டு நாள் ஆயிற்று!

இவ்வகை இசைக்கு ‘ஸ்லட்ஜ் மெட்டல்’ என்று பெயர். ஸ்லட்ஜ் என்றால் அடியில் தங்கும் கசடு, சேறு. பொருத்தமான பெயர்தான். கிதார் தந்திகளைத் தளர்த்திச் சுருதியைக் கீழே இறக்கி, ஒரே சொற்கட்டைத் திரும்பத் திரும்பக் கனமாக வாசிக்கிறார்கள். மழைக்காலச் சேற்றில் மாட்டுவண்டி போவதுபோல் இருக்கிறது. அமெரிக்காவில் 1980களில் ‘மெல்வின்ஸ்’, நியூ ஆர்லியன்ஸ் நகரத்து ‘ஐஹேட்காட்’ போன்ற குழுக்கள் வளர்த்த பாணி இது.

இதற்கெல்லாம் மூலவர் ‘பிளாக் சபாத்’ குழுவின் டோனி ஐயோமி. பர்மிங்காமில் தகடு வெட்டும் தொழிற்சாலையில் வேலை பார்த்தபோது, பதினேழு வயதில், இயந்திரத்தில் சிக்கி இரண்டு விரல்களின் நுனியை இழந்தவர். பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி விரலுக்குக் கூடு செய்து, மேலே தோல் ஒட்டி மாட்டிக்கொண்டார். பிறகு தந்திகளைத் தளர்த்தி வாசித்தார். விரலுக்கு அதுதான் இதம். அந்தத் தாழ்ந்த சுருதி உலகெங்கும் பரவிற்று.

இத்தனையும் எனக்குச் சொன்னவன் என் மகன். அல்சூரில் பிறந்து வளர்ந்தவன். தமிழ் பேசுவான், எழுதப் படிக்க வராது. கல்லூரிக்குப் போன பிறகு எங்களுக்குள் பேச்சு, “சாப்பிட்டாயா?”, “ஆச்சு” என்ற அளவில் நின்றிருந்தது. ஒருநாள் ‘பேவர் ஸீ’ என்று எழுதிய பனியனோடு வந்து நின்றான். அதுவும் இவ்வூர்க் குழுதான். 2012இல் முதல் ஆல்பம் போட்டவர்கள். கன்னடத்தில் ‘பேவர்ஸி’ என்றால் என்ன வசவு என்று இங்கே காய்கறி வாங்கப் போகும் எல்லோருக்கும் தெரியும். சென்னையிலும் அது புழக்கம்தான். வாரிசு இல்லாதவன் என்று பொருள்படும் உருதுச் சொல்லில் இருந்து வந்தது. என் வாரிசே அதை மார்பில் போட்டுக்கொண்டு நிற்கிறான்! மனைவி பனியனை ஒளித்து வைத்தாள். நான் மட்டும், “சரி, போடு, கேட்போம்” என்றேன்.

ஷெப்பர்ட் ஆல்பத்தைத்தான் போட்டான். மூன்றே பேர் வாசிக்கிறார்கள் என்றால் நம்ப முடியவில்லை. பாட்டு என்ற பெயரில் போடும் கூச்சல் எனக்கு இன்றும் பிடிக்கவில்லை. ஆனால் அந்தத் தாளம் நின்று நிதானித்து, அடுத்த அடி எங்கே விழும் என்று காக்க வைக்கிறது. “நம் தவில் மாதிரி இருக்கிறதே” என்றேன். தவில்காரரும் துணியும் பசையும் சுற்றிக் காயவைத்த கூட்டை விரலில் மாட்டித்தான் வாசிப்பார் என்றதும் அவனுக்கு ஒரே வியப்பு. ஒரு மணி நேரம் பேசிக்கொண்டிருந்தோம்.

அந்தச் சித்திரையில் சோமேஸ்வரர் கோயில் பூப்பல்லக்குக்கு, கூப்பிடாமலே என்னோடு வந்தான். பல்லக்கைப் பார்க்கவில்லை, தவிலை ஒட்டியே நடந்தான். தேநீர் குடிக்க நின்ற இடத்தில் தவில்காரர் ஒரு கூட்டைக் கழற்றி அவன் விரலில் மாட்டிப் பார்த்தார். லொடலொடவென்று இருந்தது.